அந்தப் புத்தகத்தில் அருவி இல்லை

நான் வேலை பார்க்கிற புத்தகக் கடையில் வாரத்தில் ஒரு சாயங்காலம், ஒரு மணி நேரம், சத்தத்தை அணைத்துவிடுவார்கள். விளக்கை அணைப்பார்கள், அடுப்பை அணைப்பார்கள், சத்தத்தை அணைப்பதைக் கேள்விப்பட்டிருக்கிறீர்களா? ஷார்ஜாவில் ஒரு மாலின் இரண்டாவது மாடியில் இருக்கிறது எங்கள் கடை. அந்த நேரம் வந்ததும் மேலே ஓடிக்கொண்டிருக்கிற பாட்டு நின்றுவிடும். பாதி விளக்குகள் மங்கும். பில் போடுகிற இடத்தில் 'பீப்' என்ற சத்தம்கூட வராது. ஒருத்தரை ஒருத்தர் உரக்கக் கூப்பிடக் கூடாது, ஏணியைத் தரையில் இழுக்கக் கூடாது என்று எங்களுக்கு உத்தரவு. 'குவைட் அவர்' என்று வாசலில் அட்டை வைப்போம். சேர்ந்த புதிதில் எனக்குச் சிரிப்பு வந்தது. சீசன் நேரத்துத் தென்காசி பஸ் ஸ்டாண்டில் நின்று பழகிய காது ஐயா இது! எழவு வீடு மாதிரி இருக்கிறதே என்று கூட வேலை பார்க்கிற மரிஸாவிடம் எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் சொன்னேன். அவள் பிலிப்பைன்ஸ்காரி. யாரோ செத்துப்போனார்கள் என்கிற வரைக்கும்தான் அவளுக்கு விளங்கியது. யார், யார் என்று பதறிப்போய் மேனேஜரைத் தேடி ஓடிவிட்டாள்.

அந்த ஒரு மணி நேரம் யாருக்காக என்பது போகப் போகத்தான் தெரிந்தது. காதில் பெரிய ஹெட்போன் மாட்டிய பிள்ளைகள் வருவார்கள். சிலர் கையை உதறிக்கொண்டே நடப்பார்கள். ஒரு பையன் வந்ததும் அலமாரியின் ஓரத்தை முகர்ந்து பார்ப்பான், அப்புறம்தான் உள்ளே வருவான். யாரும் அவனை வெறித்துப் பார்ப்பதில்லை. அந்தப் பிள்ளைகளுக்காகவும் அவர்களைப் பெற்றவர்களுக்காகவும் கீழ்த்தட்டு ஒன்று முழுக்கப் புத்தகம் வைத்திருக்கிறோம். ஆட்டிசம், மனப்பதற்றம், மனச்சோர்வு என்று ஒவ்வொன்றுக்கும் ஒல்லியான புத்தகங்கள். பக்கத்துக்கு ஒரு படம், படத்துக்குக் கீழே பெரிய எழுத்தில் ரெண்டே வரி. நானோ பத்தாம் வகுப்போடு நின்றவன். பெட்டியில் எழுதியிருக்கிற இங்கிலீஷைப் பார்த்து எந்தத் தட்டு என்று அடுக்கத் தெரியுமே தவிர, ஒரு புத்தகத்தைத் திறந்து வாசித்ததில்லை. இந்தப் புத்தகங்களை வாசிக்க முடிந்தது. ஒருநாள் கீழே குத்தவைத்து அடுக்கிக்கொண்டிருந்தவன் ஒன்றைப் புரட்டினேன். 'நான் உன் முகத்தைப் பார்க்காவிட்டாலும் நீ சொல்வது எனக்குக் கேட்கிறது' என்று போட்டிருந்தது. படத்தில் ஒரு பையன் சுவரைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்திருந்தான். யா அல்லாஹ், அது என் மகன். வடகரையில் என் வீட்டுக் கூடத்தில் அவன் அப்படியேதான் உட்காருவான்.

என் மகன் இர்பானுக்கு ஏழு வயது நடக்கிறது. நாலு வயது ஆகியும் பேச்சு வரவில்லை. 'வாப்பா மாதிரி, லேட்டாத்தான் வாய் திறப்பான்' என்று ஊரே சொன்னது, நாங்களும் நம்பினோம். திருநெல்வேலியில் ஒரு டாக்டர் ஆட்டிசம் என்று சொன்ன அன்றைக்கு என் மனைவி ஜமீலா ஆஸ்பத்திரி வாசலில் நின்று எனக்குப் போன் போட்டாள். அது சீக்கா, சீக்கு இல்லையா, மாத்திரை உண்டா என்று நான் கேட்கிறேன். "அவங்க இங்கிலீஷ்ல ஒரு தாளு குடுத்திருக்காங்க, நான் அதுல என்னத்தக் கண்டேன்" என்று அவள் அழுகிறாள். தமிழில் ஏதாவது இருக்கிறதா என்று தேடினேன். இருந்தது. நரம்பு, மூளை, வளர்ச்சி, குறைபாடு என்று ஒரு வரியை முடிப்பதற்குள் மூச்சு வாங்கியது. படித்தவர்கள் படித்தவர்களுக்கு எழுதியது. எங்கள் வீட்டில் உம்மாவுக்கு எழுத்துக் கூட்டத் தெரியாது. ஜமீலாவின் தம்பி சாகுல் ஆட்டோ ஓட்டுகிறான், அவனுக்குப் படிக்கத் தெரியும், பொறுமை கிடையாது. அவர்களுக்கெல்லாம் யார் எழுதுவார்கள், சொல்லுங்கள்.

ஆகவே நானே ஆரம்பித்தேன். மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் கடையின் பின்பக்கக் குடோனில் அட்டைப்பெட்டிகளுக்கு நடுவே உட்கார்ந்து, ஒரு பக்கத்தைப் போட்டோ எடுப்பேன். அதற்கு என் குரலில் விளக்கம் சொல்லி வாட்ஸ்அப்பில் அனுப்புவேன். 'ஏட்டி ஜமீலா, இந்தப் படத்தப் பாரு. இந்தப் பய காதப் பொத்திக்கிட்டு நிக்கான். சத்தம் இவனுக்கு வலிக்குமாம். மிக்ஸி போடும்போது நம்ம பய ஓடுதானே, அது சேட்ட இல்லட்டி, வலி.' இப்படித்தான் என் மொழிபெயர்ப்பு. நான் குடோனில் பேசிப் பதிவு செய்வதை மரிஸா ஒருநாள் கண்டுபிடித்துவிட்டாள். நான் ஏதோ வானொலியில் வேலை தேடுகிறேன் என்று நினைத்து, நல்ல குரல், நிச்சயம் கிடைக்கும் என்று வாழ்த்தினாள். ஜமீலா அதைக் கேட்டுவிட்டு மிக்ஸியை எடுத்துக்கொண்டு கொல்லைப்பக்கம் போக ஆரம்பித்தாள். அவன் சோறும் குழம்பும் ஒட்டாமல் தனித்தனியாகக் கேட்டால் உம்மா திட்டுவதை நிறுத்தினாள். சாகுல் பழைய ஹாரனைக் கழற்றிவிட்டு லேசாகக் கத்துகிற ஹாரன் மாட்டினான். ஒரு சின்னப் புத்தகம் ஒரு வீட்டை இவ்வளவு மாற்றுமா என்று எனக்கே ஆச்சரியம். பெருமையில் தலைகால் புரியவில்லை, நடந்ததைத்தான் சொல்கிறேன்.

நான் எதிர்பார்க்காதது ஒன்றும் நடந்தது. அந்தக் குரல்களை இர்பான் கேட்க ஆரம்பித்தான். போனை எடுத்து, தானே அழுத்தி, காதோடு வைத்துக்கொண்டு, திரும்பத் திரும்ப. அதற்கு முன்னால் வீடியோ காலில் நான் கத்திக் கூப்பிட்டாலும் திரும்பிப் பார்க்காத பிள்ளை. போன வருஷம் லீவில் ஊருக்குப் போனேன். கூடத்தில் நான் குத்துக்கல் மாதிரி உட்கார்ந்திருக்கிறேன். அவன் என்னைத் தாண்டிப் போய் போனை எடுத்து, எனக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, என் குரலைக் கேட்கிறான். "ஏலே, நான் இங்கனதாம்ல இருக்கேன்" என்றேன். அவன் சத்தத்தைக் கொஞ்சம் கூட்டிக்கொண்டான். ஜமீலா சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்தாள். நானும் சிரித்தேன், வயிறு எரிந்தது. ஆனாலும் ஒரு ராத்திரி கரண்ட் போய் பிள்ளை பதறியபோது, அந்தப் பதிவில் பேசுகிற மாதிரியே மெதுவாகப் பேசிப் பார்த்தேன். என் தோளில் வந்து தலையை இடித்துக்கொண்டு நின்றான். அன்றைக்குத்தான் எனக்குப் புரிந்தது, இந்தப் பிள்ளையிடம் எனக்கென்று இருப்பது என் குரல் ஒன்றுதான்.

இங்கே திரும்பி வந்தபின் ஒரு குவைட் அவரில், கறுப்பு அபாயா போட்ட இந்த ஊர் அம்மா ஒருத்தர் மகனோடு வந்தார். நான் கீழ்த்தட்டிலிருந்து புத்தகம் எடுத்துக் கொடுத்து, என் மகனும் இப்படித்தான் என்றேன். முகம் மலர்ந்து, எங்கே அவன் என்றார். ஊரில். யாரோடு? அவன் அம்மாவோடு. நீங்கள்? இங்கே. அவர் முகம் வாடிவிட்டது. நெஞ்சில் கையை வைத்து, இந்த மாதிரிப் பிள்ளைகள் பிறந்தால் பல குடும்பங்கள் பிரிந்துவிடுகின்றன, உங்கள் மணவிலக்குக்கு வருந்துகிறேன் என்றார். இல்லை இல்லை, நாங்கள் சேர்ந்துதான் இருக்கிறோம் என்று சொல்லப் போனேன். சேர்ந்து இருக்கிறோம் என்பதற்கு நான் என்ன ஆதாரம் காட்டுவேன்? ஸாரி மேடம், தேங்க்யூ மேடம் என்று சொல்லிவிட்டு அடுத்த அலமாரிக்குப் போய்விட்டேன்.

நான் வீட்டுக்கு வாசித்து அனுப்பிவந்த அந்தப் புத்தகத்தில் ஒரு பக்கம் உண்டு. பையன் தொட்டிக்குள் உட்கார்ந்து, குழாயிலிருந்து விழுகிற தண்ணீருக்குக் கீழே கையை வைத்திருக்கிறான். 'ஓடும் தண்ணீர் எனக்குப் பிடிக்கும், என் மனம் அமைதியாகும்' என்று ரெண்டு வரி. இதையும் சந்தோஷமாக வாசித்து அனுப்பினேன். 'நம்ம பய பைப்படியில நிக்கது இதுக்குத்தாம்ட்டி, அவன இழுக்காதீங்க, நிக்கட்டும்' என்றேன். ஆனி பிறந்தது. சாரல் விழுந்தது. சாகுலுக்கு யோசனை வந்துவிட்டது.

குற்றாலத்துக்காரர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை, மற்றவர்களுக்குச் சொல்கிறேன். எங்கள் பக்கத்தில் புத்தி தடுமாறியவர்களை அருவியில் நிறுத்துவார்கள். தலைச்சூடு இறங்கும், பித்தம் தெளியும் என்று தொன்றுதொட்ட நம்பிக்கை. வெளிநாடு வருவதற்கு முன்னால் சீசனுக்குச் சீசன் நான் அங்கே ஒரு சிப்ஸ் கடையில் வியாபாரம் பார்த்திருக்கிறேன். எந்த ஊரோ தெரியவில்லை, என் வயதுதான் இருக்கும், ஒருத்தரை இடுப்பில் துண்டைக் கட்டி ரெண்டு பேர் இழுத்துப் போனார்கள். "போதும்ணே, போதும்ணே" என்று அவர் அலறியது எங்கள் கடை வரைக்கும் கேட்டது. திரும்பி வரும்போது உதடு நீலம் பாரித்து, வாய் திறக்காமல் வந்தார். "பாத்தீங்களா அண்ணாச்சி, தெளிஞ்சிட்டான்" என்று கூட வந்தவர் எங்களிடம் சிப்ஸ் வாங்கிக்கொண்டே சொன்னார். நாங்களும் ஆமாம் என்றோம். குளிரில் விறைத்துப்போனவனுக்கு எப்படிச் சத்தம் வரும் என்று எங்களில் ஒருத்தரும் கேட்கவில்லை. கெட்ட மனசு யாருக்கும் கிடையாது. கூட்டி வந்தவர் கண்ணெல்லாம் கலங்கித்தான் இருந்தது.

சாகுல் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் அக்காவையும் மருமகனையும் ஆட்டோவில் ஏற்றிச் செங்கோட்டை வழியாகக் குற்றாலம் போயிருக்கிறான். ஜமீலா தயங்கியிருக்கிறாள். "உன் மாப்ள வாசிச்ச புக்குலயே இருக்குக்கா, ஓடுத தண்ணின்னா புள்ளைக்குப் பிடிக்குமாம், மனசு அமைதியாவுமாம். ஓடுத தண்ணியில நம்ம ஊர்ல அதவிடப் பெருசு எது இருக்கு?" என்று கேட்டிருக்கிறான். அவளும் மாற்றுத்துணியை எடுத்துக்கொண்டு ஏறிவிட்டாள். மெயின் அருவியில் ஆம்பளைப் பக்கம் வேறு, பொம்பளைப் பக்கம் வேறு. ஜமீலா கம்பிக்கு இந்தப் பக்கம் நின்றுவிட்டாள். குளிக்க வருகிறவர்களுக்கு எண்ணெய் தேய்த்துவிடுகிற ஆள் தலையில் கை வைத்ததுமே பிள்ளை திமிறியிருக்கிறான். சாகுல் புத்திசாலி. அருவிக்கரையில் விற்கிற பிளாஸ்டிக் உறையில் போனைப் போட்டுக் கழுத்தில் தொங்கவிட்டிருந்தான். அதில் என் குரலைப் போட்டு, பிள்ளை காதோடு வைத்தான். இர்பான் அடங்கிவிட்டான். தோளில் சாய்ந்து கேட்டுக்கொண்டே போயிருக்கிறான், கூட்டத்துக்குள்ளே, போலீஸ் விசிலுக்குள்ளே, அருவிக்குக் கீழே.

ஒரு முறை நனைத்து வெளியே கொண்டுவந்தான். பிள்ளை குளிரில் வெடவெடத்துக் கத்துகிறான். மூன்று தடவை நிற்கணும், அதுதான் முறை என்று பக்கத்தில் நின்ற பெரியவர் ஒருத்தர் சொல்லியிருக்கிறார். என் குரலைப் போட்டான். பிள்ளை அடங்கினான். மறுபடியும் உள்ளே. வெளியே வந்து, மறுபடியும் என் குரல். மறுபடியும் உள்ளே. ஒவ்வொரு தடவையும் என் குரல் அவனைத் தடவிக்கொடுத்துக் கூட்டிக்கொண்டுபோய் அந்தத் தண்ணீருக்குக் கீழே விட்டிருக்கிறது. ஜமீலா கம்பியைப் பிடித்துக்கொண்டு, போதும்லே சாகுலு, போதும்லே என்று கத்தியிருக்கிறாள். அருவிக்குப் பக்கத்தில் யார் கத்தி யாருக்குக் கேட்கும். நான் அந்த நேரம் இங்கே மின்விசிறிக்குக் கீழே தூங்கிக்கொண்டிருந்தேன்.

முழு விவரமும் எனக்கு அன்றைக்குத் தெரியாது. காய்ச்சல் என்று மட்டும் சொன்னாள். காய்ச்சல் விட்டதும், பிள்ளை போனைத் தேடுவானே என்று ஜமீலா என் குரலைப் போட்டிருக்கிறாள். ரெண்டு கையாலும் காதை அறைந்துகொண்டு கட்டிலுக்கு அடியில் போய் ஒளிந்துகொண்டான். அடுத்த நாள் நானே வீடியோ காலில் கூப்பிட்டேன். "இர்பான், வாப்பாலே" என்றதுமே அவன் போட்ட சத்தம் இன்னும் என் காதில் நிற்கிறது. உடம்பெல்லாம் நடுங்கி, இருந்த இடத்திலேயே மூத்திரம் போய்விட்டான். "போன வச்சிருங்க, நீங்க வச்சிருங்க" என்று ஜமீலா கத்தினாள். அதற்கப்புறம்தான் குற்றாலம் போன கதை வந்தது. சாகுலுக்குப் போன் போட்டேன். கிழித்துத் தோரணம் கட்டிவிட வேண்டும் என்றுதான் போட்டேன். "மச்சான், நான் நல்லதுக்குத்தான மச்சான்..." என்று ஆரம்பித்தவன் விம்முகிறான். தென்காசியில் இருக்கிற பயிற்சி மையத்துக்குப் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போகிறவன் அவன். பிள்ளைக்கு வலிப்பு வந்த ராத்திரியில் ஆட்டோவைப் பறக்கவிட்டவன் அவன். முடிவெட்டும்போது மடியில் வைத்துப் பிடித்துக் கடி வாங்குகிறவன் அவன். தூரத்தில் உட்கார்ந்து படம் காட்டி வியாக்கியானம் சொன்னவன் நான். சரி விடு மாப்ள என்று வைத்துவிட்டேன்.

சத்தம் வலிக்கும் என்கிற பக்கத்தை அவனும் கேட்டிருக்கிறான். அதை நினைத்து ஹாரனையே மாற்றினவன். ஆனால் அருவியின் சத்தத்தை எங்கள் ஊரில் யாரும் சத்தம் என்று கணக்கில் சேர்ப்பதில்லை. மிக்ஸி சத்தம், ஹாரன் சத்தம், கொட்டுச் சத்தம் உண்டு. அருவி அருவிதான். அந்தப் பக்கத்தை வாசித்த எனக்கே அது தோன்றவில்லையே. மரிஸாவிடம் நடந்ததைச் சொன்னேன். அவள் உருகிப்போய், கவலைப்படாதே, இதற்கும் ஒரு புத்தகம் இருக்கும் என்று கீழ்த்தட்டில் என்னோடு உட்கார்ந்து தேடினாள். எல்லாம் இருந்தது. பல் டாக்டரிடம் போவது, விமானத்தில் ஏறுவது, நீச்சல் குளம், இடி, மழை. அந்தப் புத்தகங்களை எழுதினவர்கள் ஊர்ப் பிள்ளைகளுக்கு என்னென்ன வருமோ அத்தனையும் இருந்தது. எண்ணெய் வைத்துத் தாய்மாமன் தூக்கிக்கொண்டு போய் அருவியில் நிறுத்துவது எந்தப் புத்தகத்திலும் இல்லை. அதை எழுத வேண்டியது எங்களில் யாரோதான். ரெண்டே வரி, ஒரு படம். 'அருவிச் சத்தம் எனக்கு வலிக்கும், என்னை அங்கே தூக்கிக்கொண்டு போகாதீர்கள்.' படம் வரைய எனக்குத் தெரியாது. வாசித்துக் காட்டவும் இனிமேல் என் குரல் உதவாது. இதை வாசிக்கிற உங்களில் யாராவது செய்தால் உண்டு.

தென்காசியில் இர்பானுக்குப் பயிற்சி கொடுக்கிற மேடத்திடம் போனில் கேட்டேன். குரலை இப்போதைக்கு நிறுத்துங்கள், முகத்தை மட்டும் காட்டுங்கள், மெதுவாகப் பார்க்கலாம் என்றார். எத்தனை மாசம் ஆகும் மேடம்? சொல்ல முடியாது சார். திரும்ப என் குரலைக் கேட்பானா? அதுவும் சொல்ல முடியாது சார். நல்ல பெண், பொய் சொல்லத் தெரியவில்லை. பொய் சொல்லியிருக்கலாம் என்று எனக்கு இருந்தது. குடும்ப குரூப்பில் இருந்த என் குரல்கள் எல்லாவற்றையும் ஜமீலா அழித்துவிட்டாள். அழிக்கட்டுமா என்று என்னைக் கேட்டுவிட்டுத்தான் அழித்தாள். அழி என்று எழுதி அனுப்பினேன்.

இப்போது வெள்ளிக்கிழமை தொழுகை முடிந்து அறைக்கு வந்ததும் வீடியோ கால் போடுவேன். ஜமீலா போனைச் சுவரில் சாய்த்து வைத்துவிட்டு நகர்ந்துகொள்வாள். முதல் வாரங்களில் அவன் வரவே இல்லை. கூடத்துச் சுவரையும் ஸ்டூலையும் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அப்புறம் ஒருநாள் வந்து எட்டிப்பார்த்தான். என்னை மறந்து நான் வாயசைத்துவிட்டேன், ஓடிவிட்டான். போன வெள்ளிக்கிழமை அவனே வந்தான். முதலில் போனை எடுத்து, பக்கவாட்டுப் பொத்தானை அழுத்தி அழுத்திச் சத்தத்தைச் சுத்தமாகக் குறைத்தான். அதைத் திரும்பச் சாய்த்து வைத்தான். எதிரே உட்கார்ந்தான். சுவரைப் பார்த்து அல்ல, என்னைப் பார்த்து. பிறந்ததிலிருந்து அவன் என் முகத்தை இவ்வளவு நேரம் பார்த்ததில்லை. தாடியைப் பார்த்தான், நெற்றியைப் பார்த்தான், அப்புறம் வாயை மட்டும் பார்த்துக்கொண்டே இருந்தான். நான் உதட்டை இறுக மூடிக்கொண்டு, மூச்சைக்கூட மெதுவாக விட்டேன். எனக்குப் பின்னால் சோற்றை இறக்கிவிட்டு அறைக்காரர்கள் என் பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறார்கள், ஆறிப்போகுது, வாங்க, எங்க போயிட்டீங்க என்று. இங்கே இருக்கிறேன் என்று சொல்ல வேண்டியதுதான். வாயைத் திறந்தால் அங்கே அவன் எழுந்து போய்விடுவான்.